முள்ளும் நிழலும்

சித்திரைப் பிறப்பன்று புன்னைக்காயல் கடற்கரையில் நின்றிருந்தேன். கைக்கடிகாரத்தில் மணி பன்னிரண்டு; இரண்டு முட்களும் ஒன்றாகிவிட்டன. "உச்சி வந்துவிட்டது" என்றேன்.

வலை பின்னிக்கொண்டிருந்த பெரியவர் என் காலடியைப் பார்த்தார். "இன்னும் கொஞ்சம் நிழல் கிடக்குதே, தம்பி" என்றார்.

கணக்குப் போட்டேன். முன்பு ரயில்கள் சென்னை நேரத்தில் ஓடின. 1906-ம் ஆண்டில் வந்த இந்தியப் பொது நேரமோ மீர்ஜாப்பூரை ஒட்டிய 82½ பாகைத் தீர்க்கரேகையின் நேரம். புன்னைக்காயல் 78 பாகையை ஒட்டியது. சூரியன் ஒரு பாகை கடக்க நாலு நிமிஷம். ஆக, இங்கே உச்சிக்கு வரச் சுமார் பதினேழரை நிமிஷம் தாமதம்.

நிமிஷத்துக்குப் பெரிய முள் ஆறு பாகை நகர்கிறது. சின்ன முள் அரைப் பாகை. பதினேழரை நிமிஷத்தில் இடைவெளி 96 பாகை, செங்கோணத்துக்கும் அதிகம்!

கடிகாரம் பொய் சொல்லவில்லை. வேறோர் ஊரின் உச்சியைச் சொன்னது. இந்த ஊரின் உச்சியைச் சொன்னவர் பெரியவர்தான்.