அப்பாவின் அர்ச்சுனன், என் பகீரதன்

இலியட் படிக்க ஆரம்பிப்பவர்கள் வழக்கமாகக் கேட்பது: "மரக்குதிரை எந்த இடத்துல வருது?" வராது. ஹெக்டரின் ஈமச்சடங்கோடு இலியட் முடிந்துவிடும். குதிரைக் கதை ஒடிசியில் இருக்கிறது. அதுவும் போர் முடிந்து வருடங்கள் கழித்து, ஒரு விருந்தில் பாடகன் பாடும் பாட்டாக.

கதை எந்தப் புத்தகத்தில் இருக்கிறது என்ற இந்தக் குழப்பம் மாமல்லபுரத்துப் பாறையிலும் உண்டு. பெரிய புடைப்புச் சிற்பத்தில் ஒற்றைக்காலில் கையைத் தூக்கி நிற்பவர் யார்? பாசுபதம் வேண்டிய அர்ச்சுனன் என்றால் மகாபாரதம், கங்கையை இறக்கிய பகீரதன் என்றால் ராமாயணம் என்றுதான் நானும் பிரித்து வைத்திருந்தேன். பல வருஷமாக நான் பகீரதன் கட்சி. நடுவில் பிளவு, அதில் நாகர்கள். நதி இல்லாமல் இதெல்லாம் எதற்கு?

செங்கல்பட்டுப் பக்கம் பாரதக் கூத்து பார்த்து வளர்ந்த அப்பாவுக்குச் சந்தேகமே கிடையாது. கூத்தில் அர்ச்சுனன் வேஷக்காரர் உயரமான தபசு மரத்தில் பாடிக்கொண்டே ஏறுவார். "அர்ச்சுனன் தபசுடா அது" என்பார் அப்பா. ஒவ்வொரு முறையும் திருத்துவேன்.

பிறகு வன பர்வத்தை வரிசையாகப் படித்தேன். அர்ச்சுனன் தவம் செய்து ஆயுதம் வாங்கி இந்திரலோகம் போய்விட்டான். காத்திருக்கும் மற்றவர்களை லோமச முனிவர் தீர்த்த யாத்திரை கூட்டிப்போகிறார். வழியில் தருமனுக்கு அவர் சொல்லும் கதைகளில் ஒன்று, பகீரதன் கதை! பாலகாண்டத்தில் விசுவாமித்திரர் ராமனுக்குச் சொல்லும் அதே கதைதான். ஆக, இரண்டு தவமும் ஒரே பர்வத்துக்குள் இருக்கின்றன.

பூனையையும் பாருங்கள். பெரிய யானையின் பக்கத்தில் கையைத் தூக்கித் தவம் செய்கிறது, சுற்றிலும் எலிகள். இந்தப் போலிச் சாமியார் பூனையின் கதை உத்தியோக பர்வத்தில் வருகிறது. துரியோதனன் தருமனைக் குத்திக்காட்ட உலூகனிடம் சொல்லியனுப்பும் கதை. சரி, அப்பா கட்சிக்கு ஒரு பாயின்ட். ஆனால் பூனை தவம் செய்த இடம் எது? கங்கைக்கரை!

பரமேசுவரவர்மனின் 7ஆம் நூற்றாண்டுக் கூரம் செப்பேடு, மண்டபத்தில் பாரதம் வாசிப்பவருக்கு ஒரு பங்கு ஒதுக்குகிறது. கூரம் காஞ்சிபுரத்துக்குப் பக்கம்தான். அப்படி உட்கார்ந்து பாரதம் கேட்ட ஜனங்கள், பாறை முன்னால் நின்று "இவரா, அவரா" என்று கட்சி கட்டியிருப்பார்களா? எனக்குத் தோன்றவில்லை.

நதியை நான் இன்னும் விடவில்லை. அடுத்த தடவை அப்பாவோடு போகும்போது திருத்தாமல் இருக்கணும். பூனையை மட்டும் காட்டலாம் என்றிருக்கிறேன்.