செலாம்

டிங்கினேஷ் என்னும் சிறுகோளைச் சுற்றும் இரட்டைமடல் துணைக்கோள். 2023 நவம்பர் 1 அன்று நாசாவின் லூசி விண்கலம் சுமார் 430 கி.மீ. தொலைவில் கடந்தபோது கண்டறியப்பட்டது. முதலில் வந்த படங்களில் ஒரு மடல் மற்றதன் பின்னே ஒளிந்திருந்ததால் ஒற்றை உருண்டையாகவே தெரிந்தது. அடுத்த படங்களே உண்மையைக் காட்டின: ஏறத்தாழ 210, 230 மீட்டர் அகலமுள்ள இரு மடல்கள், ஒட்டிப்பிறந்த இரட்டையர் போல. சிறுகோளொன்றுக்கு இத்தகைய நிலவு காணப்பட்டது இதுவே முதன்முறை. தாய்க்கோளிலிருந்து சுமார் 3.1 கி.மீ. தள்ளி, 52.7 மணி நேரத்தில் ஒருமுறை சுற்றுகிறது. வேகமாகச் சுழன்ற டிங்கினேஷிலிருந்து சிதறிய பாறைத்துகள்கள் திரண்டு உருவாகியிருக்கலாம். மடல்கள் ஏன் கிட்டத்தட்ட ஒரே அளவில் அமைந்தன என்பதற்குத்தான் நிறைவான விளக்கம் இல்லை. எத்தியோப்பியாவில் 2000-ஆம் ஆண்டு கிடைத்த தொல்மாந்தக் குழந்தையின் புதைபடிவத்துக்குரிய பெயரே இதற்கும் சூட்டப்பட்டது.