சுப்ரதா மித்ராவின் ஒளியமைப்பு: ‘அபராஜிதோ’வை முன்வைத்து

முன்னுரை

இந்தியத் திரைப்பட வரலாறு பெரும்பாலும் இயக்குநர்களின் வரலாறாகவே எழுதப்பட்டு வந்துள்ளது. சத்யஜித் ரே படங்களின் காட்சி அழகும் அவர்தம் பார்வையின் விளைவாகவே விளக்கப்படுவதுண்டு. அப்பார்வைக்கு உருவம் தந்த ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ராவின் (1930-2001) பங்கு தனியே ஆராயத்தக்கது. ‘அபராஜிதோ’ (1956) படத்தின் ஒளியமைப்பைச் சான்றாகக் கொண்டு, ஒளிப்பதிவாளரும் படைப்பாளரே என்பதை இக்கட்டுரை நிறுவ முற்படுகிறது.

பயிற்சி

மித்ரா ஒளிப்பதிவை முறையாகக் கற்றவர் அல்லர். பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் ‘தி ரிவர்’ (1951) படத்தை வங்காளத்தில் எடுத்தபோது, படப்பிடிப்பைப் பார்வையாளராக இருந்து கண்டார். ஒளியமைப்பையும் கேமரா நகர்வையும் குறிப்புகளாகவும் வரைபடங்களாகவும் பதிந்துகொண்டார். 1952இல் ‘பதேர் பாஞ்சாலி’ தொடங்கும் வரை அவர் திரைப்படக் கேமராவை இயக்கியதில்லை.

காசி வீட்டின் ஒளி

‘அபராஜிதோ’வில் அபுவின் குடும்பம் வாழும் காசி வீட்டின் முற்றத்தைத் திறந்தவெளியில் அமைக்கவே முதலில் திட்டமிடப்பட்டது. மழைக்கு அஞ்சிய கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா அதனைக் கல்கத்தாப் படப்பிடிப்புக் கூடத்திற்குள் அமைத்தார். இதனை மித்ரா எதிர்த்தார். உயர்ந்த சுவர்கள் சூழ்ந்த முற்றத்தில் வெயில் நேரே விழுவதில்லை. வானிலிருந்து பரவும் நிழலற்ற ஒளியே நிறைந்திருக்கும். கூடத்து விளக்குகளோ ஒவ்வொன்றும் ஒரு நிழலை வீழ்த்தும். காசியில் எடுத்த காட்சிகளோடு அவை பொருந்தா என்பதே அவர் வாதம்.

வாதம் ஏற்கப்படாதபோது அவர் வழியொன்று கண்டார். முற்றத்தின் மேலே வெள்ளைத் துணியைச் சட்டமிட்டு வானம்போல் விரித்தார். விளக்குகளைக் கீழிருந்து அத்துணியின்மீது பாய்ச்சினார். துணியில் பட்டுத் திரும்பிய ஒளி முற்றமெங்கும் மென்மையாகப் பரவியது. திரைத்துறையினர் ‘பவுன்ஸ் லைட்டிங்’ என வழங்கும் இம்முறை இங்ஙனம் ஒரு வீட்டின் உண்மைக்கு நேர்மையாக இருக்கும் முயற்சியில் பிறந்தது. விளக்கின் ஒளியில் ஒரு பகுதி இதில் வீணாகும்; எனினும் பார்வையாளர் அரங்கத்தை மறந்து வீட்டைக் காண்கின்றனர்.

பிற்காலம்

‘நாயக்’ (1966) வரை ரேயின் பத்துப் படங்களுக்கு மித்ரா ஒளிப்பதிவு செய்தார். ரேயின் முதல் வண்ணப் படமான ‘காஞ்சன்ஜங்கா’ (1962) அவற்றுள் ஒன்று. ‘தி ஹவுஸ்ஹோல்டர்’ (1963), ‘ஷேக்ஸ்பியர் வாலா’ (1965) முதலிய ஜேம்ஸ் ஐவரி படங்களிலும் பணியாற்றினார். ‘நியூ டெல்லி டைம்ஸ்’ படத்திற்காகத் தேசிய விருது பெற்றார். வாழ்வின் இறுதி ஆண்டுகளில் கொல்கத்தாவிலுள்ள சத்யஜித் ரே திரைப்பட, தொலைக்காட்சி நிறுவனத்தில் ஒளிப்பதிவு கற்பித்தார்.

முடிவுரை

காசி முற்றத்தின் ஒளி இயக்குநர் எழுதிவைத்ததன்று. கலை இயக்குநரின் முடிவு எழுப்பிய சிக்கலுக்கு ஒளிப்பதிவாளர் அளித்த விடையாகும். எனவே திரைப்படத்தைப் பனுவலாகக் கொண்டு ஆராய்வோர், ஒரு காட்சியின் பொருளை உரைக்குமுன் அக்காட்சியின் ஒளி எங்கிருந்து, யாரால் வந்தது என வினவுதல் வேண்டும். அவ்வினா எழாதவரை ஒருவரின் உழைப்பு மற்றொருவர் பெயரிலேயே வரலாறாகும்.