கண்ணாடி மாளிகையும் ஜாம் போத்தல் விளக்கும்

கொஞ்சம் நீண்ட பதிவு. ஆறுதலாக வாசியுங்கோ.

1991 செப்டம்பர் 26ஆம் திகதி அமெரிக்காவின் அரிசோனா பாலைவனத்தில் எட்டுப் பேர் ஒரு பெரிய கண்ணாடிக் கட்டடத்துக்குள் போய்க் கதவைப் பூட்டிக்கொண்டார்கள். பயோஸ்பியர் 2 என்று அதற்குப் பெயர். மூன்று ஏக்கர் அளவு இடம். காற்று, தண்ணீர், சாப்பாடு எல்லாம் உள்ளுக்குள்ளேயே சுழல வேண்டும், வெளியிலிருந்து ஒன்றும் வரக்கூடாது. நாளைக்கு மனிதன் வேறு கிரகத்தில் குடியேறினால் எப்படி வாழ்வான் என்று பார்க்கிற பரிசோதனை. இரண்டு வருடம் நடந்தது.

அதே நாட்களில் எங்கள் குடாநாடும் பூட்டித்தான் கிடந்தது. யாரும் விரும்பிப் பூட்டிக்கொண்டதல்ல. 1990 ஜூனில் சண்டை தொடங்கியதோடு மின்சாரம் போனது, யாழ்தேவி நின்றது, பிறகு ஆனையிறவுப் பாதையும் மூடிக்கொண்டது. பெற்றோல், டீசல், பற்றறி, சீமெந்து, யூரியா, சவர்க்காரம் எல்லாம் தடைப் பட்டியலில் ஏறின. அங்கே எட்டுப் பேர். இங்கே லட்சக்கணக்கான சனம்.

ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். நான் இதை உள்ளே இருந்து பார்த்தவன் இல்லை. 1990 ஒக்டோபர் 15இல் சாவகச்சேரி முஸ்லிம்களும், 30ஆம் திகதி யாழ்ப்பாண நகரத்து முஸ்லிம்களும் வெளியேற்றப்பட்டோம். தடைக்காலம் முழுக்க எங்கள் குடும்பம் புத்தளத்தில் ஓலைக் கொட்டிலுக்குள். ஆகவே கீழே இருப்பது என் மாணவர்களின் அம்மம்மாமாரும் சந்தையில் பழகிய ஐயாமாரும் சொல்லித் தந்தது.

எல்லோரும் முதலில் சொல்வது ஜாம் போத்தல் விளக்கைத்தான். வெறும் போத்தலின் அடியில் பஞ்சு. அதில் கொஞ்சம் மண்ணெண்ணெய். சைக்கிள் ரியூப் வால்வுக்குள்ளால் நூல்திரியை இழுத்து, ஒரு கம்பியில் தொங்கவிட்டால் சரி. பஞ்சு எண்ணெயைப் பிடித்து வைத்திருப்பதால் சரிந்தாலும் கொட்டாது. போத்தலின் சுவர் காற்றைத் தடுக்கும். சுடர் சின்னது, ஆகவே செலவும் சின்னது. அந்த வெளிச்சத்தில் உயர்தரம் படித்து வைத்தியர், பொறியியலாளர் ஆனவர்கள் இன்று உலகம் முழுக்க இருக்கிறார்கள். விஞ்ஞானப் பாடத்தில் இதைக் காட்டிலும் நல்ல செயன்முறை நான் படிப்பித்ததில்லை.

றேடியோ கேட்கச் சைக்கிளைக் கவிழ்த்து வைத்து டைனமோவைச் சுற்றினார்கள். மோட்டார் சைக்கிளை நாலு துளி பெற்றோலில் உயிர்ப்பித்து மண்ணெண்ணெயில் ஓட்டினார்கள். உடுப்புத் தோய்க்கப் பனம்பழம். கோடு போட்ட கொப்பித் தாளில் பத்திரிகை அச்சானது. தண்டவாளமும் சிலிப்பர் கட்டையும் பங்கருக்குப் போயின. (2014இல் ரயில் திரும்பி வந்தபோது ஏன் எல்லாவற்றையும் புதிதாகப் போட வேண்டியிருந்தது என்று கேட்கிற பிள்ளைகளுக்கு இதுதான் பதில்.)

ஆனால் கவனியுங்கோ, இவையெல்லாம் சுழற்சி இல்லை. 1990க்கு முன் வந்து சேர்ந்த போத்தலையும் ரியூப்பையும் இரும்பையும் கரைத்துக் கரைத்துச் சீவித்ததுதான். தேய்ந்தால் திரும்பி வராது. உண்மையாகவே சுழன்றவை இரண்டு: ஓலையும் தண்ணீரும். இரண்டும் தடைக்காலக் கண்டுபிடிப்பு அல்ல, பாட்டன் பூட்டன் காலத்துச் சங்கதி.

பனை ஓலை முதலில் கூரைக்கும் வேலிக்கும் போகும். ஒன்றிரண்டு வருடத்தில் உக்கத் தொடங்கியதும் கழற்றித் தோட்டத்து மண்ணில் தாழ்ப்பார்கள். யூரியா இல்லாத காலத்தில் ஓலை, பூவரசங்குழை, மாட்டெரு, அடுப்புச் சாம்பல் இவைதான் பயிருக்குச் சாப்பாடு. கிணற்றடியில் குளித்த தண்ணீர் வாழைக்கும் தென்னைக்கும் ஓடி, மிச்சம் திரும்ப மண்ணுக்குள் இறங்கும்.

எங்களுக்கு நிரந்தர ஆறு கிடையாது. மழைத் தண்ணீர் மணலிலும் சுண்ணாம்புக் கல்லிலும் இறங்கி, அடியில் இருக்கும் உப்புத் தண்ணீருக்கு மேல் மிதக்கிறது. கடல் மட்டத்துக்கு மேலே ஒரு அடி நல்ல தண்ணீர் நின்றால், கீழே ஏறத்தாழ நாற்பது அடிக்கு உப்பை அது அமுக்கி வைத்திருக்கும் என்பது கணக்கு. மேலே ஒரு அடி குறைந்தால் கீழே உப்பு எவ்வளவு ஏறும் என்று நீங்களே பாருங்கோ. தென்மராட்சிக்கு இரண்டு பக்கமும் களப்பு. துலா மெதுவாக இறைத்தது, கிணறு ஊறுவதற்கு நேரம் கொடுத்தது. மோட்டார் அப்படி இல்லை. தடை வந்ததும் எண்ணெய் இல்லாமல் இயந்திரங்கள் படுத்துக்கொள்ள, பல தோட்டங்களில் பழைய துலாவைத் தேடி எடுத்தார்களாம்.

அரிசோனாவிலும் சங்கதி சரிவரவில்லை. 21 வீதமாக இருக்க வேண்டிய ஒட்சிசன் 14 வீதமளவுக்கு இறங்கியது. மண்ணிலிருந்த நுண்ணுயிர்கள் ஒட்சிசனை எடுத்து விட்ட கரியமில வாயுவைக் கட்டடத்தின் கொங்கிறீற்றே உறிஞ்சிவிட்டது. 1993 ஜனவரியில் வெளியிலிருந்து ஒட்சிசன் விட வேண்டி வந்தது. எங்களுக்கு அந்த ஒட்சிசன் கிளாலியால் வந்தது. இரவில் களப்பைக் கடந்து படகு வந்தால்தான் பலதும் கிடைத்தது. அந்தத் தண்ணீரில் போன உயிர்களை நினைத்தால், தடைக்காலத்தை வெறும் கெட்டித்தனக் கதையாகச் சொல்ல எனக்கு மனம் வராது. ஜாம் போத்தலில் விளக்குச் செய்யலாம், இன்சுலின் செய்ய முடியாது.

1995 ஒக்டோபர் 30 இரவு வலிகாமத்துச் சனம் நாவற்குழிப் பாலத்தால் தென்மராட்சிக்குள் வந்தது. அதே ஒக்டோபர் 30, சரியாக ஐந்து வருடம் கழித்து. வீடுகள், பள்ளிக்கூடங்கள், கோயில்கள், மரநிழல் எங்கும் ஆட்கள். ஒரு குடும்பத்துக்கு வெட்டிய கிணற்றில் பத்துக் குடும்பம் அள்ளியது. உங்களில் பலருக்கு இது நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

2000ஆம் ஆண்டுச் சண்டையில் எங்கள் பட்டினமே தரைமட்டமானபோது பத்திரமாக வைத்திருந்த பழைய சாமான்களும் போய்விட்டன. என் வகுப்புப் பிள்ளைகளுக்குக் காட்ட வால்வுத் திரி போட்ட ஒரு பழைய விளக்கு தேடுகிறேன். புதிதாகச் செய்தது வேண்டாம், அந்தக் காலத்துக் கரி பிடித்தது. யாருடைய பரணிலாவது இருந்தால் சொல்லுங்கோ, நானே வந்து வாங்கி, காட்டிவிட்டுத் திருப்பித் தருகிறேன். துலா நிற்கிற கிணற்றின் படம் வைத்திருப்பவர்களும் கீழே போட்டுவிடுங்கோ, எந்த ஊர் என்று எழுதி.