வரிச்சீட்டும் வட்டார மொழியும்: வேல்ஸ் தேசியக் கட்சியின் உள்ளாட்சிப் பணி

ஒரு மொழியின் நிலையை ஆராய்வோர் நாடாளுமன்றச் சட்டங்களையும் பள்ளிப் பாடத்திட்டங்களையும் முதலில் நோக்குவர். உள்ளாட்சி மன்றங்களின் நடைமுறைகளை நோக்குவோர் மிகச் சிலரே. எனினும், குடிமக்கள் அரசை அன்றாடம் சந்திக்கும் இடம் உள்ளாட்சியே. வரிச்சீட்டு, பள்ளிச் சேர்க்கை, வீட்டு அனுமதி ஆகிய அனைத்தும் அங்கிருந்தே வருகின்றன. அவை எம்மொழியில் வருகின்றன என்பது அம்மொழியின் மதிப்பை மக்கள் மனத்தில் உறுதிசெய்கிறது. இவ்வுண்மைக்குத் தக்க சான்றாக விளங்குவது, 'பிளைட் கும்ரி' எனப்படும் வேல்ஸ் தேசியக் கட்சியின் வரலாறாகும்.

1536ஆம் ஆண்டுச் சட்டம் வேல்ஸ் நாட்டை இங்கிலாந்துடன் இணைத்ததோடு, நீதிமன்றத்திற்கும் நிருவாகத்திற்கும் ஆங்கிலத்தையே உரிய மொழியாக்கியது. வேல்ஷ் மொழி வீட்டிலும் வழிபாட்டிலும் வாழ்ந்தது. அலுவலகத்தில் அதற்கு இடமில்லை. 1911இல் மக்கள்தொகையில் 43.5 விழுக்காட்டினர் பேசிய அம்மொழியை 1961இல் 26 விழுக்காட்டினரே பேசினர். இவ்வீழ்ச்சியின் நடுவே, 1925இல் புல்ஹெலி என்னும் ஊரில் அக்கட்சி தோன்றியது. தொடக்கத்தில் அது வாக்கு வேட்டையைவிட மொழிக்காப்பையே முதன்மை நோக்காகக் கொண்டிருந்தது.

உள்ளாட்சிக்கும் மொழிக்கும் உள்ள உறவை வெளிச்சத்திற்குக் கொண்டுவந்தவர்கள் தலைவர்கள் அல்லர். ஓர் எளிய குடும்பத்தினர். லங்கெனெக் என்னும் சிற்றூரில் வாழ்ந்த டிரெவர் பீஸ்லி சுரங்கத் தொழிலாளி. அவர்தம் துணைவியார் எய்லீன் பீஸ்லி ஆசிரியை. தமக்குரிய வீட்டு வரிச்சீட்டு வேல்ஷ் மொழியில் வரவேண்டும் என 1952இல் அவர்கள் லனெல்லி ஊரக மாவட்ட மன்றத்தைக் கேட்டனர். மன்றம் மறுத்தது. அவர்களும் வரி செலுத்த மறுத்தனர். பன்முறை நீதிமன்றம் ஏறினர். அமீனாக்கள் வந்து வீட்டுத் தளவாடங்களை ஜப்தி செய்தனர். எட்டாண்டுகளுக்குப் பின்னர், 1960இல், இருமொழி வரிச்சீட்டு வந்தது.

இதில் மொழியியலார் கருதத்தக்க கூறு ஒன்றுண்டு. அவ்வட்டார மக்களுள் பெரும்பாலோர் வேல்ஷ் பேசுவோர். மன்றத்தாரும் அம்மொழி அறிந்தவர்களே. ஆகவே, தடையாக நின்றது மொழியறிவின்மை அன்று. 'அலுவலுக்கு ஆங்கிலம்' என்னும் பழக்கமே தடையாக நின்றது. ஒரு மொழிக்கும் அதன் பயன்பாட்டுக் களத்திற்கும் இடையே எழுந்துவிடும் இத்தகைய சுவரைச் சட்டம் மட்டும் தகர்த்துவிடாது. யாரேனும் ஒருவர் சீட்டைத் திருப்பி அனுப்ப வேண்டியுள்ளது.

கட்சியின் நிறுவனர்களுள் ஒருவரான சாண்டர்ஸ் லூயிஸ், 1962 பிப்ரவரியில் பிபிசி வானொலியில் ஆற்றிய 'மொழியின் விதி' என்னும் உரையில் இக்குடும்பத்தையே முன்மாதிரியாகக் காட்டினார். வேல்ஷ் பேசும் பகுதிகளில் அம்மொழி இல்லாமல் உள்ளாட்சி நடத்தவே இயலாத நிலையை உருவாக்கவேண்டும் என்பது அவர் கருத்து. அவ்வாண்டே வேல்ஷ் மொழிச் சங்கம் தோன்றியது. போராட்டத்தைச் சங்கம் ஏற்க, கட்சி தேர்தல் களத்தை நாடியது. 1949 முதல் கார்மார்தன்ஷயர் மன்றத்தில் பணியாற்றிய குவின்வர் எவன்ஸ், 1966இல் அக்கட்சியின் முதல் நாடாளுமன்ற உறுப்பினரானார்.

1974இல் உள்ளாட்சிச் சீரமைப்பினால் உருவான குவினெத் மன்றம், விரைவிலேயே இருமொழிக் கொள்கையை ஏற்றது. அப்போது அம்மன்றத்தில் கட்சிசாரா உறுப்பினரே மிகுதி என்பது மறக்கத்தக்கதன்று. கொள்கை கட்சி எல்லையைக் கடந்து வேரூன்றியமைக்கு அதுவே காரணம். 1980களில், புதிதாகக் குடியேறிய பிள்ளைகளுக்கு வேல்ஷ் மொழியை விரைந்து கற்பிக்கும் தனி மையங்கள் அங்கு ஏற்பட்டன. இன்று அம்மன்றத்தின் உள்நிருவாக மொழி வேல்ஷ். கூட்டங்களில் ஆங்கிலத்தில் கேட்க விரும்புவோர்க்கே உடனடி மொழிபெயர்ப்பு வழங்கப்படுகிறது.

ஆட்சி கைக்கு வந்தபின் சோதனையும் வந்தது. 1999இல் ரோந்தா கினன் தாவ், கேர்ஃபிலி ஆகிய தெற்குத் தொழிற்பகுதி மன்றங்களைக் கட்சி வியப்புறும் வகையில் வென்றது. ஆங்கிலம் பேசுவோர் மிகுந்த அப்பகுதிகளை 2004இல் தொழிற்கட்சி மீட்டுக்கொண்டது. அதனினும் கடுமையான அடி சொந்தக் கோட்டையிலேயே விழுந்தது. குவினெத்தில் மாணவர் குறைந்த சிற்றூர்ப் பள்ளிகளை மூடியும் இணைத்தும் சீரமைக்கக் கட்சியின் ஆட்சி திட்டமிட்டது. பள்ளி மூடினால் ஊர் தளரும், ஊர் தளர்ந்தால் மொழி தளரும் என மக்கள் வாதிட்டனர். அவ்வாதத்தைப் பல்லாண்டுகளாக அவர்களுக்குக் கற்பித்தது அதே கட்சிதான்! 2008 தேர்தலில் 'லைஸ் குவினெத்' (குவினெத்தின் குரல்) என்னும் புதிய வட்டாரக் குழு எழுந்தது. பெரும்பான்மை பறிபோயிற்று; கட்சித் தலைவரும் புகழ்பெற்ற பாடகருமான தாவித் இவான் தம் மன்ற இடத்தை இழந்தார்.

வரவு செலவுக்குப் பொறுப்பேற்றவர்க்கும் மொழிக்குப் பொறுப்பேற்றவர்க்கும் நேரும் முரண் இது. இரண்டும் ஒருவரே ஆகும்போது முரண் கூர்மையடைகிறது. பின்னர்க் கட்சி மீண்டெழுந்தது. 2022இல் குவினெத்தின் 69 இடங்களுள் 44ஐ வென்றதோடு, ஆங்கிள்சி, கெரெடிகியன் மன்றங்களையும் கைப்பற்றியது. உள்ளூர் இளையோர் வீடு வாங்க இயலாமல் வெளியேறுவதைத் தடுக்க, 2023 ஏப்ரல் முதல் விடுமுறைக்கால இரண்டாம் வீடுகளுக்கான கூடுதல் வரியைக் குவினெத் மன்றம் 150 விழுக்காடாக உயர்த்தியது. பீஸ்லி குடும்பத்தார் வரிச்சீட்டின் மொழிக்காகப் போராடினர்; இன்றோ வரியே மொழிக்காப்புக் கருவியாகியுள்ளது.

பயன் யாது? 2021 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி வேல்ஸ் முழுவதிலும் வேல்ஷ் பேசுவோர் 17.8 விழுக்காட்டினர், குவினெத்தில் 64.4 விழுக்காட்டினர். எனினும், பத்தாண்டுகளுக்கு முன் அங்கு 65.4 விழுக்காடு இருந்தது. குவினெத்தின் உயர்ந்த விழுக்காடு மன்றத்தால் மட்டும் விளைந்ததன்று. மொழி அங்கு முன்னரே வலுவாக இருந்தது. மன்றம் செய்தது, அலுவலகக் கதவை அம்மொழிக்குத் திறந்துவைத்து, அதனை அறிந்தோர்க்குத் தொழில்வாய்ப்பு அளித்ததே. வேலை, வீடு, பள்ளி ஆகிய மூன்றும் கைகொடுக்காவிடில் திறந்த கதவின் வழியே நுழைவோர் குறைவர்.

தமிழ் ஆட்சிமொழிகளுள் ஒன்றாக விளங்கும் சிங்கப்பூரில் நம் நிலை வேறு. பீஸ்லி குடும்பத்தார் எட்டாண்டுகள் போராடிப் பெற்றதை ஒத்த ஏற்பினை நாம் சட்டத்திலேயே பெற்றுள்ளோம். ஆயினும், தமிழில் கிடைக்கும் அறிவிப்பையும் சேவையையும் நம்முள் எத்தனை பேர் தமிழிலேயே கேட்டுப் பெறுகிறோம்? கேட்பார் இல்லாத சேவையை எந்த அலுவலகமும் நெடுநாள் பேணுவதில்லை. லங்கெனெக் குடும்பத்தின் வரலாற்றிலிருந்து நாம் கொள்ளத்தக்க பாடம், கேட்கும் வழக்கத்தைக் கைவிடாமையே ஆகும்.