சேலம் தந்த திரை: மர்ஜியானாவின் கம்பீரம்

1956 பொங்கலுக்கு ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’ வெளியானது. தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம். திருச்செங்கோட்டுக்காரர் டி.ஆர். சுந்தரம், தம் சேலம் ஸ்டூடியோவான மாடர்ன் தியேட்டர்ஸைக் கறுப்பு-வெள்ளையிலிருந்து கேவாகலர் வண்ணத்துக்கு மாற்றிய திருப்பத்தைத்தான் இந்த வாரம் சொல்ல வேண்டும். ஆனால் அந்தப் படத்தை இன்று போட்டுப் பார்த்தால், வண்ணத்துக்கு முன்னால் வந்து நிற்பவர் பி. பானுமதி. கேவாகலர் கதை ஒரு வாரம் பொறுக்கட்டும்.

அரபுக் கதையின் மர்ஜியானா ஓர் அடிமைப்பெண். எஜமானைக் காப்பாற்றும் சாமர்த்தியசாலி. படத்தில் அவள் நடனக்காரி. இப்படி ஒரு வேடம் கிடைத்தால், இடுப்பு வளைவும் கண்சிமிட்டலும் போதும் என்று விட்டுவிடுகிற நடிகைகள் உண்டு. பானுமதி விடவில்லை. எம்.ஜி.ஆர். எதிரில் காதல் பேசும்போதும் அவர் தலை தாழ்வதில்லை. குறும்பிலும் ஓர் அதட்டல் இருக்கும். தம் பாட்டைத் தாமே பாடியதால், பேச்சு பாட்டாக மாறும் இடத்தில் ஒட்டுப்போட்ட தடமே தெரியாது. பின்னணிப் பாடகிகள் கொடிகட்டத் தொடங்கிவிட்ட காலத்தில் இது சின்ன விஷயமல்ல.

திருடர் தலைவனாக பி.எஸ். வீரப்பா. வில்லன்களில் அவர் ராஜா. அந்தச் சிரிப்புக்கு முன்னால் பல கதாநாயகர்களே சிறுத்துப்போயிருக்கிறார்கள். மர்ஜியானா சிறுக்கவில்லை.

அந்த நிமிர்வு எங்கிருந்து வந்தது? ஓங்கோல் பக்கத்துத் தொட்டவரத்தில் 1925-ல் பிறந்தவர், 1939-ல் ‘வர விக்ரய’த்தில் அறிமுகமானவர். 1953-ல் ‘சண்டிராணி’யைத் தமிழ், தெலுங்கு, இந்தி மூன்றிலும் தாமே இயக்கி, இரட்டை வேடமும் போட்டார். கண்டிப்புக்குப் பெயர்போன சுந்தரத்தின் படத்துக்கு அவர் வந்தது, வெறும் நாயகியாக அல்ல. டைரக்டர் நாற்காலியில் உட்கார்ந்து பார்த்தவராக.

அலிபாபா வந்த 1956-லேயே ‘மதுரை வீர’னில் பொம்மி.

அதே வருடம்தான் அண்ணாவின் நாவலிலிருந்து வந்த ‘ரங்கோன் ராதா’வும். சொத்துக்காக மைத்துனியையும் மணக்கத் துடிக்கும் கணவன், கட்டிய மனைவிக்குப் பேய் பிடித்திருப்பதாக ஊரையே நம்பவைக்கிறான். மனைவி ரங்கமாக பானுமதி. மர்ஜியானாவின் வாயாடித்தனத்தில் ஒரு துளிகூட இங்கே இல்லை. கண்களில் மிரட்சி, பிறகு சந்தேகம், பிறகு மெல்லத் திரளும் கோபம். இந்த மாற்றத்தை அவசரமே இல்லாமல் காட்டியிருக்கிறார். கணவனாக வருகிற சிவாஜி கணேசன், நாயக அந்தஸ்தைப் பற்றிக் கவலைப்படாமல் முழு வில்லத்தனம் செய்த படம் அது; பாராட்டெல்லாம் அவருக்கே போனது. ஆனால் படத்தைச் சுமந்தவர் பானுமதி. அவருக்குச் சேரவேண்டிய பங்கு இன்னும் பாக்கியிருக்கிறது.

(தொடரும்)