தேங்காயும் மாசியும்: ஒரு மலையக வாய்மொழியின் வரலாறு

நெடுங்காலம் வாய்மொழியாக வழங்கிவந்த பௌத்த மறைநூல்கள், கி.மு. முதலாம் நூற்றாண்டில் மாத்தளை அலுவிகாரையிலே ஏட்டில் எழுதப்பெற்றன என்பது மரபு. அவ்விகாரையை அடுத்துச் செல்லும் வடக்குப் பாதை வழியே, பத்தொன்பதாம் நூற்றாண்டில், மன்னார்க் கரையில் இறங்கிய தென்னிந்தியத் தொழிலாளர் காடுகளினூடே நடந்து, தம்புள்ளை, நாலந்தை கடந்து மாத்தளையை அடைந்தனர். அவர்தம் வாய்மொழிகளோ பெரும்பாலும் ஏடேறவில்லை. ஆதலின் அவற்றின் பிறப்பை அவற்றின் சொற்களைக் கொண்டே ஆராய்தல் வேண்டும்.

தேயிலைத் தூரைத் தோண்டினால் தேங்காயும் மாசியும் கிடைக்கும் என்பது அவற்றுள் ஒன்று. ஆள் திரட்டச் சென்ற கங்காணிமார் இவ்வாறு கூறினர் என்றும், அறியா மக்கள் அதனை நம்பிக் கடல் கடந்தனர் என்றும் பலர் விளக்குவர். இவ்விளக்கம் பொருந்துமா?

முதலாவது, காலம். மாத்தளை வழி நடந்த முன்னோர் கோப்பித் தோட்டங்களுக்கே வந்தனர். ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையில் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்டது 1867இல். 1869இல் தோன்றிய இலைநோய் கோப்பியை அழித்த பின்னரே, 1880களில், தேயிலை எங்கும் பரவிற்று. எனவே தேயிலையைக் கூறும் இவ்வாய்மொழி முதற் குடியேற்றத்திற்குக் காரணமாதல் இயலாது.

இரண்டாவது, பொருள். மாசி மாலைதீவிலிருந்து வரும் உலர்ந்த சூரைமீன். தேங்காயும் மாசியும் சேர்ந்தாற் சம்பல். இஃது இலங்கைச் சமையல். தென்னிந்திய உள்நாட்டு ஊர்களில் மாசி அன்றாட உணவன்று. ஊர் திரும்பிய கங்காணி அச்சொல்லைக் கொண்டு சென்றிருத்தல் கூடாதோ எனின், கூடும். ஆயினும் உண்டறியாத பொருளைச் சொல்லி ஆசை காட்டுதல் எளிதன்று.

மூன்றாவது, தேவை. 1876 முதல் 1878 வரை சென்னை மாகாணத்தைப் பெரும் பஞ்சம் வாட்டிற்று. பசித்தோரைப் பெயர்க்கக் கட்டுக்கதை வேண்டுவதில்லை, முன்பணமே போதும். அக்கடனைத் தோட்டந்தோறும் தொடரச் செய்த துண்டு முறை 1921இலேதான் சட்டத்தால் ஒழிந்தது.

இம்மூன்றையும் ஒருங்கு நோக்கின், இவ்வாய்மொழி லயத்து அடுப்படியிலே பிறந்ததெனக் கொள்ளலே பொருத்தமாகும். தோண்டித் தோண்டிக் கடனன்றி வேறொன்றும் காணாதோர், அழைத்து வந்தவரையும் தம்மையும் ஒருசேர எள்ளி நகைத்த சொல் இது. அந்நகைப்பை நம்பிக்கையெனக் கொண்டு ஒரு சமூகத்தின் முன்னோரைப் பேதையர் என்றல் வரலாறாகாது.